சாவி ஒருவரிடம், பதவி யாரிடம்? ஆசிரியர் சங்கப் பொறுப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள சங்கப் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். தமிழ்நாட்டில் ஆசிரியர் சங்கங்கள் மொத்தம் எத்தனை என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. இடைநிலைக்கு (ஐந்தாம் வகுப்பு வரை எடுப்பவர்கள்) ஒன்று, பட்டதாரிக்கு (ஆறு முதல் பத்து வரை) ஒன்று, முதுகலைக்கு (பிளஸ் ஒன், பிளஸ் டூ) ஒன்று, தலைமை ஆசிரியர்களுக்குத் தனியாக ஒன்று, அப்புறம் இவற்றிலிருந்து பிரிந்து போனவை. இருபத்தைந்து வருடத்துக்கு மேலான சர்வீஸில் நானே இரண்டு சங்கங்களுக்குச் சந்தா கட்டியிருக்கிறேன். அதனால் இந்த மடல் குறிப்பிட்ட ஒரு சங்கத்துக்கானது இல்லை. பதவி உயர்வு பற்றி அரசிடம் பேசப்போகும் எல்லோருக்குமானது. அரசுக்கே எழுதலாமே என்று கேட்பீர்கள். அரசுக்கு எழுத நீங்கள் இருக்கிறீர்கள். உங்களுக்கு எழுதத்தான் ஆள் இல்லை.

நான் ஒரு ஊராட்சி ஒன்றிய நடுநிலைப்பள்ளியில் அறிவியல் பட்டதாரி ஆசிரியை. 1999இல் இடைநிலை ஆசிரியையாகச் சேர்ந்து, 2010 ஜூனில் பட்டதாரி ஆசிரியை ஆனேன். எங்கள் ஹெச்.எம். 2024 மே மாதம் ஓய்வு பெற்றார். சால்வை, மாலை, புகைப்படம் எல்லாம் முடிந்து பந்தலைப் பிரிக்கும் நேரத்தில், பீரோ சாவியும் அறைச் சாவிகளும் கோத்த வளையத்தைக் கணக்கு ஆசிரியையின் கையில் கொடுத்துவிட்டுப் போனார். நாங்கள் எல்லோரும் அக்கா என்று கூப்பிடும் அவர்தான் பள்ளியில் சீனியர். அன்றிலிருந்து அவர் பொறுப்புத் தலைமை ஆசிரியை. எமிஸ் (பள்ளி விவரங்களை ஏற்றும் அரசு இணையதளம்) பதிவு, காலை உணவுக் கணக்கு, பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டம், மானியச் செலவுக்கான ரசீதுகள், பி.இ.ஓ. (வட்டாரக் கல்வி அலுவலர்) அலுவலகத்திலிருந்து பத்து நிமிடத்துக்கு ஒருமுறை வாட்ஸ்அப்பில் வரும் 'உடனடி', எல்லாம் அவர் தலையில். அதோடு ஆறு, ஏழு, எட்டு மூன்று வகுப்புக்கும் கணக்குப் பாடம். இதற்கெல்லாம் சம்பளத்தில் ஒரு ரூபாய் கூடவில்லை.

அக்கா பணியில் சேர்ந்தது 1996. பட்டதாரி ஆசிரியை ஆனது 2009. டெட் (ஆசிரியர் தகுதித் தேர்வு) என்ற சொல்லே அன்று எங்கள் காதில் விழுந்ததில்லை. 2029இல் அவருக்கு ஓய்வு. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் தீபாங்கர் தத்தா, அகஸ்டின் ஜார்ஜ் மசீ அமர்வு கொடுத்த தீர்ப்பு உங்களுக்கு மனப்பாடமாகியிருக்கும். ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டாண்டுக்குள் டெட் தேர்ச்சி பெற வேண்டும், இல்லையென்றால் வேலையை விட வேண்டும். ஐந்தாண்டுக்குள் ஓய்வு பெறுகிறவர்கள் தேர்ச்சி இல்லாமலே தொடரலாம், ஆனால் அவர்களுக்கும் பதவி உயர்வு வேண்டுமென்றால் டெட் வேண்டும். அக்கா இந்த இரண்டாவது வகை. நான் டெட் முடித்துவிட்டேன். 2023 பிப்ரவரியில் கணினி வழியாக நடந்த இரண்டாம் தாளில் 150க்கு 94. நாளைக்கே பேனல் (பதவி உயர்வுப் பட்டியல்) போட்டால் அக்காவின் பெயரைத் தாண்டித்தான் என் பெயர் வரும்.

இதில் எனக்கு லாபம்தான். அதைச் சொல்லிவிட்டே மேலே போகிறேன். இல்லாவிட்டால் 'இந்தம்மா டெட் எழுதாதவர்களுக்கு வக்காலத்து வாங்குகிறார்' என்றோ, 'டெட் முடித்த திமிரில் பேசுகிறார்' என்றோ ஆளுக்கொரு பக்கமாக என்னைத் தள்ளிவிடுவீர்கள். நான் கேட்பது ஒன்றைத்தான். இரண்டு வருடமாக ஒரு பள்ளியை நடத்த அக்கா தகுதியானவர். அதே பள்ளியை நடத்துகிற பதவிக்கு மட்டும் தகுதியில்லாதவர். ஒரே ஆள், ஒரே நாற்காலி, ஒரே சாவி. இதை எப்படிப் புரிந்துகொள்வது?

எனக்குத் தெரிந்த விளக்கம் இவ்வளவுதான். பதவி உயர்வில் இரண்டு வேலைகள் இருக்கின்றன. உள்ளே வரலாமா கூடாதா என்று பார்ப்பது வாசல். அது தகுதியின் வேலை. உள்ளே வந்தவர்களில் யாருக்கு முதலில் என்று பார்ப்பது வரிசை. அது மூப்பின் வேலை. வாசலில் சீனியாரிட்டியைக் காட்டி உள்ளே போக முடியாது. வரிசையில் டிகிரியைக் காட்டி முன்னால் போகவும் முடியாது. சொல்லும்போது எளிதாக இருக்கிறது. நடைமுறையில் நாம் இரண்டையும் போட்டுக் குழப்பி வைத்திருக்கிறோம். பொறுப்புப் பதவி என்று ஒரு பின்வாசலையும் திறந்து வைத்திருக்கிறோம். அங்கே வாசல் காவலும் கிடையாது, வரிசையும் கிடையாது, சம்பளமும் கிடையாது.

முதலில் வாசலைப் பற்றிப் பேசுகிறேன். இதில் உங்கள் மேல் எனக்கு வருத்தம் உண்டு.

கல்வி உரிமைச் சட்டம் 2009. அதன்கீழ் தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம் டெட் தேர்ச்சியைக் குறைந்தபட்சத் தகுதியாக அறிவித்தது 2010 ஆகஸ்ட் 23 அன்று. நம் மாநிலத்தில் முதல் டெட் 2012 ஜூலையில் நடந்தது. இதுவரை சரி. ஏற்கெனவே வேலையில் இருந்தவர்கள் 'இது புதிதாக வருகிறவர்களுக்கு' என்று நினைத்ததில் தவறில்லை. ஆனால் 2014 நவம்பரில் அதே குழுமம் வெளியிட்ட ஒழுங்குமுறைகளில், ஒரு நிலையிலிருந்து அடுத்த நிலைக்குப் பதவி உயர்வு பெறவும் அந்தந்த நிலைக்கான குறைந்தபட்சத் தகுதி பொருந்தும் என்று எழுதியிருந்தது. பதினோரு வருடமாக அது அங்கேயேதான் இருந்தது. நம்மில் எத்தனை பேர் அதைப் படித்தோம்? 2016 வாக்கில் நடந்த ஒரு வட்டாரக் கூட்டத்தில் நான் எழுந்து இதைக் கேட்டேன். மேடையில் இருந்தவர் சிரித்துக்கொண்டே, "டீச்சர், அதெல்லாம் நம்மள ஒண்ணும் செய்யாது. நாங்க பாத்துக்கறோம், நீங்க எழுத வேண்டாம்" என்றார். கைதட்டல் வேறு. அந்தச் சங்கத்தின் பெயரும் அவர் பெயரும் இங்கே வேண்டாம். அவர் ஒருவர் மட்டும் சொன்னதில்லை அது. எல்லா மேடைகளிலும் கேட்ட வசனம்தான்.

அப்புறம் 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், 2011 ஜூலை 29க்கு முன் நியமிக்கப்பட்டவர்கள் வேலையில் தொடரலாம், ஆனால் பதவி உயர்வுக்கு டெட் கட்டாயம் என்றது. அப்போதும் மேல்முறையீட்டில் எல்லாம் மாறிவிடும் என்று சொன்னீர்கள். 2025இல் மாறியது, இன்னும் கடுமையாக. உயர் நீதிமன்றம் பதவி உயர்வைத்தான் கேள்வி கேட்டது. உச்ச நீதிமன்றம் வேலையையே கேட்டுவிட்டது.

நான் ஏன் டெட் எழுதினேன் என்றால் எனக்குச் சட்டம் தெரிந்ததால் அல்ல. என் பெண் பி.எட். முடித்து டெட்டுக்குப் படித்துக்கொண்டிருந்தாள். அவளோடு உட்கார்ந்து படித்தேன், அவ்வளவுதான். நாற்பத்தெட்டு வயதில் குழந்தை வளர்ச்சியும் கற்பித்தலும் என்ற பகுதியில் முப்பது கேள்விகளுக்குப் பியாஜேயையும் வைகாட்ஸ்கியையும் உருப்போட்டதை நினைத்தால் இப்போதும் சிரிப்பு வருகிறது. இருபது வருடம் குழந்தைகளோடு இருந்தவளுக்கு அந்தப் பகுதியில்தான் மதிப்பெண் குறைந்தது. இதை வைத்து டெட் ஒரு பொய்த் தேர்வு என்று சொல்ல மாட்டேன். படித்ததில் எனக்குச் சில விஷயங்கள் உதவின. ஆனால் அந்தத் தேர்வு ஒரு நல்ல ஹெச்.எம்.மை அடையாளம் காட்டும் என்று யாராவது சொன்னால் அதையும் நம்ப மாட்டேன். வகுப்பெடுக்க ஒரு குறைந்தபட்ச அளவு இது, அவ்வளவே. வாசல் என்றால் அது வாசல்தான். பிடிக்கிறதோ இல்லையோ, அது எங்கே இருக்கிறது என்று வரிசையில் நிற்கிறவர்களுக்கு முன்கூட்டியே சொல்ல வேண்டிய கடமை அரசுக்கு இருந்தது, உங்களுக்கும் இருந்தது.

எதிர்ப்பக்கத்தையும் நினைத்துப் பாருங்கள். 2013இல் டெட் தேர்ச்சி பெற்றுச் சான்றிதழோடு இன்றுவரை வேலைக்குக் காத்திருக்கிறவர்கள் இருக்கிறார்கள். முதலில் வெயிட்டேஜ் (பழைய தேர்வு மதிப்பெண்களையும் சேர்த்துக் கணக்கிடுவது) என்றார்கள், பிறகு 2018இல் அரசாணை 149 வழியாகத் தனியாக ஒரு போட்டித் தேர்வும் வேண்டும் என்றார்கள். நாம் 'எங்களுக்கு மட்டும் டெட் வேண்டாம்' என்று பந்தல் போடும்போது அவர்கள் காதில் அது எப்படி விழும்? என் பெண் அவர்களில் ஒருத்தி. வீட்டில் இந்தப் பேச்சு வந்தால் நான் வாயை மூடிக்கொள்வேன்.

இனி வரிசை.

நடுநிலைப்பள்ளி ஹெச்.எம். பதவிக்கு எங்கள் காலம் முழுவதும் ஒன்றியம்தான் அலகு. தமிழ்நாட்டில் 388 ஊராட்சி ஒன்றியங்கள். அப்படியென்றால் 388 தனித்தனி வரிசைகள். ஒரு ஒன்றியத்தில் பள்ளி நிறைய, வயதானவர்கள் நிறைய. அங்கே பத்து வருடத்தில் ஹெச்.எம். ஆனவர்கள் உண்டு. பக்கத்து ஒன்றியத்தில் எல்லோரும் ஒரே காலத்தில் சேர்ந்த சம வயதுக்காரர்கள். அங்கே இருபது வருடத்திலும் வரிசை நகராது. இடையில் ஒரு ஆற்றுப்பாலம்தான் இருக்கும். இதை யாரும் அநியாயம் என்று சொல்லவில்லை, ஏனென்றால் வரிசையில் தனக்கு முன்னால் நிற்கும் நான்கு முதுகுகள் மட்டும்தான் ஒவ்வொருவர் கண்ணுக்கும் தெரிந்தன.

இதில் பெண்கள் இழந்ததை யாரும் எண்ணிப் பார்க்கவில்லை. நான் 2003இல் கல்யாணமாகி வேறு ஒன்றியத்துக்கு மாறுதல் வாங்கினேன். சொந்த விருப்பத்தில் மாறுதல் என்பதால் புது ஒன்றியத்தில் கடைசி ஆளாகச் சேர்த்தார்கள். நான்கு வருட சர்வீஸ் ஓய்வூதியக் கணக்கில் இருந்தது, சம்பளத்தில் இருந்தது. வரிசையில் மட்டும் காணாமல் போய்விட்டது. எனக்குப் பிறகு வேலைக்கு வந்த ஒரு தம்பி, அந்த ஒன்றியத்திலேயே பிறந்து வளர்ந்தவர், எனக்கு சீனியர் ஆனார். அவர் மேல் தப்பு இல்லை. 'சொந்த விருப்பம்' என்ற சொல்லைப் போட்டவர்கள் மேல்தான் எனக்குக் கோபம். கல்யாணமாகி மாமியார் வீட்டுக்குப் போவது எந்த ஊரில் பெண்ணின் சொந்த விருப்பமாக இருக்கிறது?

2023 டிசம்பர் 21 அன்று அரசாணை 243 வந்தது. ஒன்றிய அளவு போய் மாநில அளவில் மூப்பு. நீங்கள் கொதித்தெழுந்தீர்கள், நானும் வந்து கோஷம் போட்டேன். இப்போது யோசித்தால் நான் எதை எதிர்த்தேன் என்று எனக்கே குழப்பமாக இருக்கிறது. என்னைப் போல் மாறுதலில் மூப்பை இழந்தவர்களுக்கு 243 இழந்ததைத் திருப்பிக் கொடுக்கக்கூடியது. சேர்ந்த நாள் எதுவோ அதுதான் மூப்பு என்பது கேட்கவே நியாயமாக இருக்கிறது. எதிர்க்க வேண்டியது வேறு இரண்டு. ஒன்று, இருபது வருடம் ஒரு வரிசையில் நின்று கவுண்டருக்குப் பக்கத்தில் வந்தவரைப் பார்த்து, 'வரிசை கலைந்தது, அந்தப் பெரிய வரிசையில் போய் நில்லுங்கள்' என்று சொன்ன விதம். எங்கள் ஒன்றியத்தில் அக்கா முதல் பெயர், நான் நான்காவது. மாநில வரிசையில் எங்கள் இருவர் பெயரையும் தேடப் பூதக்கண்ணாடி வேண்டும். இன்னொன்று, மாநில மூப்பு என்றால் பதவி உயர்வில் எந்த மாவட்டத்துக்கு வேண்டுமானாலும் போக நேரலாம் என்பது. ஐம்பது வயதுப் பெண் ஒருத்தி, படுக்கையில் மாமனார், பிளஸ் டூ படிக்கும் பையன் என்று இருக்கும்போது, தென்கோடியிலிருந்து வடகோடிக்குப் போய் ஹெச்.எம். ஆவாளா? பதவி உயர்வு வேண்டாம் என்று உரிமைவிடல் எழுதிக் கொடுத்துவிட்டு இருந்த இடத்திலேயே இருந்துவிடுவாள். பிறகு புள்ளிவிவரத்தில் 'பெண்கள் பதவி உயர்வை விரும்புவதில்லை' என்று வரும்.

மூப்பு ஆளோடு போகட்டும், பணியிடம் வீட்டுக்குப் பக்கத்தில் கிடைக்கட்டும் என்று கேட்டிருக்கலாம் நாம். மூப்பை மாநில அளவில் கணக்கிட்டு, காலியிடத்தை முதலில் அந்தந்த மாவட்டத்து ஆட்களுக்குள் கலந்தாய்வில் வைக்கச் சொல்லியிருக்கலாம். '243ஐ ரத்து செய்' என்ற ஒற்றை வரிதான் பேனரில் பொருந்தியது போலும்.

மூப்பையே எடுத்துவிட்டுத் திறமையைப் பார்க்கலாமே என்று வெளியில் இருப்பவர்கள் அடிக்கடி கேட்கிறார்கள். தொலைக்காட்சி விவாதங்களில் இது நன்றாக எடுபடும். என் சித்தி பெண் அரசு உதவி பெறும் பள்ளியில் இருக்கிறாள். அவர்களுக்கான 1974ஆம் ஆண்டு விதிகளில் இது அப்படியே இருந்தது: பதவி உயர்வு தகுதி, திறமை அடிப்படையில், அவை ஏறத்தாழ சமமாக இருந்தால் மட்டும் மூப்பு. படிக்க எவ்வளவு அழகாக இருக்கிறது. ஆனால் திறமையை யார் அளப்பது? நிர்வாகம். எதை வைத்து? அதற்கென்று தனியாக ஒரு அளவுகோல் கிடையாது. நிர்வாகத்துக்கு வேண்டியவர் திறமைசாலி ஆகிவிடுவார், மற்றவர் வழக்கறிஞரைப் பார்க்கப் போவார். உதவி பெறும் பள்ளி ஹெச்.எம். நியமனத்தை எதிர்த்து எத்தனை வழக்குகள் உயர் நீதிமன்றம் போயிருக்கின்றன என்று அந்தப் பக்கத்து ஆட்களைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்கள். அதற்காக எல்லா நிர்வாகமும் அப்படி என்று சொல்லவில்லை, நல்ல ஹெச்.எம்.களைக் கண்டெடுத்த நிர்வாகங்களும் உண்டு. நான் மூப்பின் பக்கம் நிற்பதற்குக் காரணம் மூத்தவர்கள் எல்லோரும் கெட்டிக்காரர்கள் என்பதால் அல்ல. என்னோடு சேர்ந்த சிலரைப் பார்த்திருக்கிறேனே. சேர்ந்த தேதியை யாராலும் மாற்ற முடியாது, அதற்காக யார் வீட்டு வாசலிலும் போய் நிற்க வேண்டியதில்லை. அந்த ஒரு காரணம் எனக்குப் போதும்.

ஆனால் மூப்பை மட்டும் நம்பி, படிப்பை நாமே மதிப்பில்லாமல் ஆக்கிவிட்டோம். இது எனக்கு மிகவும் உறுத்துகிற இடம்.

ஒரு இடைநிலை ஆசிரியர் வேலை பார்த்துக்கொண்டே படிப்பது எவ்வளவு சிரமம் என்று உங்களில் பலருக்கு அனுபவம் இருக்கும். அஞ்சல் வழியில் பட்டம், கோடை விடுமுறையில் நேர்முக வகுப்பு, அப்புறம் பி.எட்., அப்புறம் எம்.எஸ்ஸி. படிக்கத் தொடங்கும் முன் துறையில் முன்அனுமதி வாங்க வேண்டும். வாங்காமல் படித்தால் பின்னேற்பு கேட்டு நடக்க வேண்டும். படித்து முடித்தபின் பணிப்பதிவேட்டில் பதிய வேண்டும். பிளஸ் டூ படிக்காமல் திறந்தவெளிப் பல்கலைக்கழகத்தில் நேரடியாக வாங்கிய பட்டம் ஏற்கப்படாது என்று 2009இல் ஒரு அரசாணை. ஒரே வருடத்தில் இரண்டாவது பட்டம் பிடித்தவர்கள் பதவி உயர்வு நேரத்தில் நீதிமன்றப் படியேறினார்கள். 'அப்ளைடு' என்றோ 'கம்ப்யூட்டேஷனல்' என்றோ பட்டத்தின் பெயரில் ஒரு வார்த்தை கூடுதலாக இருந்தால் இணைத்தன்மைச் சான்று (வழக்கமான பட்டத்துக்குச் சமம் என்ற சான்று) எங்கே என்பார்கள். பட்டதாரியிலிருந்து முதுகலை ஆசிரியர் ஆக வேண்டுமென்றால் சேம் மேஜரா, கிராஸ் மேஜரா (இரண்டு பட்டமும் ஒரே பாடமா, வேறு வேறா) என்ற கேள்வி. எங்கள் பழைய பள்ளியில் ஒருவர் பி.எஸ்ஸி. தாவரவியல் முடித்து, ஆசையாக எம்.ஏ. தமிழ் படித்தார். அவர் தமிழ்ப் பாடம் எடுத்தால் அடுத்த வகுப்புப் பிள்ளைகள் ஜன்னலில் நிற்பார்கள். அந்தப் பட்டத்தால் அவருக்குக் கிடைத்தது அந்த ஜன்னல் கூட்டம் மட்டும்தான்.

பதவி உயர்வு கிடைக்காவிட்டாலும் படித்ததற்கு ஊக்க ஊதியம் என்று ஒன்று இருந்தது. சர்வீஸில் இரண்டு முறை, ஒவ்வொன்றும் இரண்டு ஆண்டு ஊதிய உயர்வுக்குச் சமம். அதை நம்பி நகை அடகு வைத்து எம்.எட். படித்தவர்களை எனக்குத் தெரியும். 2020 மார்ச்சில் அதை நிறுத்தினார்கள். பிறகு ஒருமுறை மட்டும் தரும் தொகையாக மாற்றினார்கள். மாதம் மாதம் வந்து ஓய்வூதியத்திலும் சேர்கிற பணமும், ஒரு தடவை கையில் கொடுக்கிற பணமும் ஒன்றாகுமா?

சரி, கஷ்டப்பட்டு மேலே போனால்தான் என்ன கிடைக்கிறது? இடைநிலை ஆசிரியரின் தொடக்க ஊதியம் 20,600, பட்டதாரி ஆசிரியருக்கு 36,400. அது பெரிய தாவல், ஒப்புக்கொள்கிறேன். பட்டதாரிக்கும் முதுகலைக்கும்? 36,400, 36,900. வித்தியாசம் ஐந்நூறு ரூபாய். எட்டாம் வகுப்புக்கும் பத்தாம் வகுப்புக்கும் பாடம் எடுப்பதை விட்டுவிட்டு பிளஸ் டூ பொதுத்தேர்வுச் சுமையைத் தலையில் ஏற்றிக்கொள்வதற்கான விலை அது. முதுகலைக்குப் போனால் உயர்நிலைப்பள்ளி ஹெச்.எம். வாய்ப்பு கைவிட்டுப் போகுமே என்ற பயம் வேறு. அதனால் முதுகலைப் பதவி உயர்வு வந்தும் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு, ஹெச்.எம். பேனலுக்காக உட்கார்ந்திருக்கிறார்கள். நன்றாகப் பாடம் நடத்துகிறவர்கூட மேலே போக வேண்டுமென்றால் பாடம் நடத்துவதையே விட்டுவிட்டு அறைக்குள் உட்கார வேண்டும் என்கிற ஏற்பாடு எனக்கு என்றைக்குமே பிடித்ததில்லை. அது வேறு மடலுக்கான விஷயம்.

இன்னொரு தாமதத்தையும் யாரும் வெளிப்படையாகப் பேசுவதில்லை. ஓய்வு வயது 58ஆக இருந்தது, 2020இல் 59, 2021இல் 60. நமக்கெல்லாம் இரண்டு வருடச் சம்பளம் கூடுதல், சந்தோஷம்தான். ஆனால் அந்த இரண்டு வருடம் மேலே யாரும் இறங்கவில்லை, கீழே யாரும் ஏறவில்லை. அதன்மேல் டெட் வழக்கு, அதன்மேல் 243. எங்கள் ஒன்றியத்தில் மட்டும் எத்தனை பள்ளிகள் பொறுப்பு ஹெச்.எம்.மோடு ஓடுகின்றன என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கூட்டம் போட்டால் வருகிறவர்களில் பாதிப் பேர் கையெழுத்துக்குக் கீழே 'பொ' என்று போடுகிறார்கள்.

அதனால் இந்த முறை பேச்சுவார்த்தைக்குப் போகும்போது தனித்தனிக் கோரிக்கைப் பட்டியலோடு போகாதீர்கள். இடைநிலைச் சங்கம் ஒன்று கேட்க, பட்டதாரிச் சங்கம் அதற்கு நேர்மாறாகக் கேட்க, எதிரில் இருப்பவர் இரண்டையும் வாங்கி வைத்துக்கொண்டு டீ கொடுத்து அனுப்புவார். ஒன்றாகப் போய்ப் பேனலைக் கேளுங்கள். ஜனவரி 1 நிலவரம் என்று காகிதத்தில் இருக்கிறதே, அந்தத் தேதிக்கு முழுப் பட்டியல் எல்லோர் கண்ணிலும் படும்படி வர வேண்டும். பெயருக்கு நேரே சேர்ந்த நாள், படிப்பு, டெட், 17(பி) ஒழுங்கு நடவடிக்கை எதுவும் நிலுவையில் இருக்கிறதா என்பது, எதனால் இவர் பெயர் தாண்டப்பட்டது என்று ஒரு வரி. ஹெச்.எம். அறைக் கதவில் ஒட்டினால்கூடப் போதும். இன்றைக்கு என்ன நடக்கிறது? பட்டியல் வாட்ஸ்அப்பில் பாதி பக்கம் மங்கலாக வருகிறது, நமக்குப் பின்னால் இருக்கிறவர் எப்படி முன்னால் போனார் என்று தெரியாமல் ஒருவரையொருவர் சந்தேகப்படுகிறோம்.

புதிய தகுதி ஏதாவது கொண்டு வந்தால் அது எந்த வருடத்துப் பேனலிலிருந்து என்று முன்கூட்டியே அறிவிக்கச் சொல்லுங்கள். படித்துத் தேர்வு எழுத மூன்று நான்கு வருடமாவது அவகாசம் வேண்டும். மாறுதலில் போகிறவரின் மூப்பு அவரோடு போக வேண்டும், பெண்களுக்கு மட்டுமென்று இல்லை, எல்லோருக்கும். பொறுப்புப் பதவி ஆறு மாதத்துக்கு மேல் போனால் அதற்கான ஊதியம் கொடுக்க வேண்டும். பணம் கொடுக்க வேண்டி வந்தால் பேனலும் தானாக வேகமெடுக்கும் என்பது என் கணிப்பு.

டெட் பற்றியும் நேராகப் பேசுங்கள். மறுசீராய்வு, சட்டத் திருத்தம் எல்லாம் நடக்கட்டும், நான் தடுக்கவில்லை. ஆனால் அது நடக்கும்வரை உறுப்பினர்களிடம் 'எழுத வேண்டாம்' என்று மட்டும் சொல்லாதீர்கள். தீர்ப்பு கொடுத்த இரண்டாண்டு 2027 செப்டம்பரோடு முடிகிறது. பணியில் இருப்போருக்கென்று சிறப்புத் தேர்வு என்று அரசே சொல்லிவிட்ட பிறகு, சங்கக் கட்டடத்தில் சனிக்கிழமை மதியம் ஒரு வகுப்பு நடத்தினால் குறைந்தா போய்விடுவோம்? அறிவியல் நான் எடுக்கிறேன். வைகாட்ஸ்கி வேண்டுமென்றாலும் எடுக்கிறேன், சிரிக்கக் கூடாது.

அக்காவிடம் போன வாரம் இந்த மடலைப் படித்துக் காட்டினேன். மதியச் சாப்பாட்டு நேரம், எமிஸில் ஏதோ ஏறாமல் சுற்றிக்கொண்டே இருந்தது. கேட்டுவிட்டு, "என்னைப் பத்தி நல்லாதான் எழுதியிருக்க. ஆனா டெட்டுக்கு நான் அப்ளை பண்ணியிருக்கேன், அதை எழுதலையே" என்றார். எனக்குத் தெரியாது. யாரிடமும் சொல்லாமல் போட்டிருக்கிறார். "பதவி உயர்வுக்கா அக்கா?" என்று கேட்டேன். "அதெல்லாம் இல்ல. மூணு வருஷத்துல போகப்போறவளுக்கு எதுக்கு. புள்ளைங்ககிட்ட பரீட்சைக்குப் பயப்படாதீங்கன்னு தினமும் சொல்றோம்ல" என்றார். அதற்குள் நெட் வந்துவிட்டது, வேலையைப் பார்க்கத் திரும்பிவிட்டார்.

எங்கள் ஒன்றியத்துப் பட்டதாரி ஆசிரியர்கள் 38 பேரின் விவரத்தை ஒரு நீள நோட்டில் கட்டம் போட்டு எழுதி வைத்திருக்கிறேன். பெயர், சேர்ந்த தேதி, மாறுதலில் இழந்த வருடம், படிப்பு, டெட், ஓய்வு நாள். எல்லோரிடமும் போனில் கேட்டு எழுதியது. இரண்டு வாரம் ஆனது. அடுத்த வட்டாரக் கூட்டத்துக்குக் கொண்டு வருகிறேன். மற்ற ஒன்றியங்களில் இதுபோல் எழுதித் தர ஆள் இருந்தால் சொல்லுங்கள், கட்டம் எப்படிப் போடுவது என்று காட்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு ஒன்றிய நடுநிலைப்பள்ளியின் அறிவியல் ஆசிரியை